மாய உலகின் காலம்: நிலையான விகிதமா, பகடையா?

பாத்திரமேற்று ஆடும் விளையாட்டுக்கு, காலம் கோணலாக ஓடும் மாய உலகை அமைக்கிறீர்களா? நீண்ட தொடர் ஆட்டத்துக்கு, உள்ளே கழியும் நேரத்தைப் போல வெளியே எத்தனை மடங்கு போகும் என்ற நிலையான விகிதம்தான் நல்லது. ஒரே அமர்வில் முடிவதற்கு, வெளியே எவ்வளவு காலம் போனது என்பதைப் பகடை உருட்டித் தீர்மானிப்பது. அது தரும் பதைப்பு விகிதத்தில் வராது.

விகிதத்தைப் பெரிதாக வைப்பதுதான் வழக்கமான தவறு. தேவர்களின் ஒரு நாள் நமக்கு ஓர் ஆண்டு என்ற புராணக் கணக்கை அப்படியே எடுத்தால், 8 மணி நேரம் தூங்கி எழுவதற்குள் வெளியே நான்கு மாதம் போய்விடும். முற்றுகையில் இருந்த கோட்டை விழுந்திருக்கும், கதையும் அதோடு போச்சு. 1:30 என்றால் அதே தூக்கத்துக்குப் பத்து நாள், தாங்கும்.

குழு பிரியும்போதுதான் உண்மையான சோதனை. ஒருவர் ஒரு மணி நேரம் பிந்தி வாசலைத் தாண்டினால், வெளியே காத்திருப்பவருக்கு 30 மணி நேரம், மனக்கணக்கே போதும். பகடையிலோ ஆளுக்கோர் எண் விழுந்தால், பின்னால் கிளம்பியவர் முன்னால் வந்து நிற்பார். ஆகவே குழுவுக்கு ஒரே உருட்டல். அதுவும் நுழையும்போதே, மறைவாக. இரண்டு பகடைகளின் கூட்டுத்தொகை 7-ஐ ஒட்டியே அதிகம் விழும். 2, 12 இரண்டும் தலா 36-ல் ஒரு வாய்ப்புதான். ஒரு தலைமுறையே கடந்துபோகும் விபரீதத்தை அவற்றுக்கு வையுங்கள்.