மாதத் தவணையை மட்டும் காட்டித் தரப்படும் வீட்டுக் கடன்: மலையகத்தவர்களுக்கு ஓர் எச்சரிக்கை

மலையகத்தில் வீடு வாங்கவோ கட்டவோ வங்கிக் கடன் பெற எண்ணியிருப்பவர்களுக்காகவும், 2022, 2023ஆம் ஆண்டுகளில் தமது வீட்டுக் கடனை மறுசீரமைத்து, அதாவது வட்டியையும் காலத்தையும் மாற்றிப் புதிய ஒப்பந்தம் செய்து, கையொப்பமிட்டவர்களுக்காகவும் இந்தப் பதிவை எழுதுகிறேன். ஹட்டனை அண்டிய ஒரு வங்கிக் கிளையில் 2021இன் நடுப்பகுதியில் நானும் என் மனைவியும் 30 இலட்சம் ரூபா கடன் பெற்றோம். கேட்கப்பட்ட தவணைகளில் ஒன்றையும் தவறவிடாமல் கட்டிவந்த நிலையிலும், இரண்டு வருடங்களில் அந்தக் கடன் 32 இலட்சத்து 60 ஆயிரமாக உயர்ந்தது. அதன் பிறகு எங்களிடம் கையொப்பம் வாங்கப்பட்ட மறுசீரமைப்பை இறுதிவரை அதே வட்டியில் தொடர்ந்திருந்தால், நாங்கள் கட்டி முடிக்கவேண்டிய தொகை 1 கோடியே 48 இலட்சம். இந்தத் தொகையை அந்த வங்கியில் எவரும் எங்களுக்கு வாயால் சொல்லவுமில்லை, தாளில் எழுதித் தரவுமில்லை. வங்கியின் பெயரை இங்கே குறிப்பிடவில்லை. பெயரைவிட, அங்கே நடந்துகொண்ட முறையை நீங்கள் அறிந்துகொள்வதே உதவும் என்று கருதுகிறேன்.

எங்கள் பகுதியில் இந்த விடயம் ஏன் கூடுதலாக வலிக்கிறது என்பதைச் சொல்லவேண்டும். லயன் அறைகளில் வாழ்ந்த தலைமுறைகளிடம் காணி உறுதி இருந்ததில்லை. காணி அரசினுடையது, 1992 முதல் அதன் நிர்வாகம் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளிடம் இருக்கிறது. உறுதி இல்லாத இடத்தில் ஈடு வைப்பதும் இல்லை. ஆகவே தோட்டத்தைவிட்டு ஹட்டனிலோ கொட்டகலையிலோ தலவாக்கலையிலோ பண்டாரவளையிலோ சொந்தமாகக் காணி வாங்கும் எங்களில் பலர், குடும்பத்தில் முதன்முதலாக உறுதி கண்டவர்கள், முதன்முதலாக ஈட்டு முறியில் (சொத்தை ஈடு வைக்கும் பத்திரத்தில்) கையொப்பமிடுபவர்கள். "இதையெல்லாம் பார்த்துப் போடு தம்பி" என்று சொல்லித்தர வீட்டில் பெரியவர்கள் இல்லை. கொழுந்து பறித்து ஓய்வுபெற்ற என் அம்மாவின் ஊழியர் சேமலாப நிதியும் பணிக்கொடையும் அந்தக் காணிக்கு முற்பணமாகப் போயின. அந்தப் பணத்தின் மேல்தான் வங்கி தனது கடனை ஏற்றிவைத்தது.

கடன் தருவதற்கு முன் எங்களுக்குக் காட்டப்பட்டது ஒரே ஒரு தாள். அதில் 20 வருடம், 9 சதவீத வட்டி, மாதத் தவணை 26,992 ரூபா என்று இருந்தது. "சேரும் டீச்சரும் ரெண்டு பேரும் கவர்மென்ட் சம்பளம், இது உங்களுக்குப் பெரிய தொகை இல்லை" என்று கடன் அலுவலர் சொன்னார். அந்த 9 சதவீதம் முதல் ஒரு வருடத்துக்கு மட்டுமே உரியது என்பதும், அதன் பின்னர் வட்டி சந்தையோடு ஏறி இறங்கும் என்பதும் ஆங்கிலத்தில் மட்டும் தரப்பட்ட அனுமதிக் கடிதத்தின் நடுப்பக்கத்தில் ஒரு வரியாக இருந்தன. தமிழில் ஒரு பிரதி கேட்டபோது, தலைமை அலுவலகம் ஆங்கிலத்தில்தான் அனுப்பும் என்று பதில் வந்தது. மதிப்பீட்டுக் கட்டணம், உறுதியைப் பரிசோதித்த சட்டத்தரணியின் கட்டணம், நொத்தாரிசுக் கட்டணம், முத்திரைத் தீர்வை, தீக்காப்புறுதி, கடனுக்கான ஆயுள் காப்புறுதியின் முழுக் கட்டுப்பணம் ஆகியவை கழிக்கப்பட்டு எங்கள் கைக்கு வந்தது 28 இலட்சத்து 60 ஆயிரம் மட்டுமே. வட்டியோ முழு 30 இலட்சத்துக்கும் ஓடியது.

அந்த ஒரு வரியில் இருந்தது, சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம், அதற்கு மேல் 3.5 சதவீதம் என்பதாகும். வங்கிகள் தமது மிகச் சிறந்த வாடிக்கையாளர்களுக்குக் குறுங்காலக் கடன் கொடுக்கும் வட்டியின் சராசரியே இந்த வீதம். இலங்கை மத்திய வங்கி இதை வாராவாரம் வெளியிடுகிறது. 2021இல் அது 6 சதவீதத்தை அண்டியிருந்தது. நாட்டின் அந்நியச் செலாவணி வற்றி, பணவீக்கம் கட்டுமீறியபோது, 2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி, மற்ற வங்கிகளின் வட்டிக்கு அடிப்படையாக அமையும் தனது கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தியது. அந்த வருட முடிவில் முதன்மைக் கடன்வழங்கல் வீதம் ஏறத்தாழ 27 சதவீதத்தைத் தொட்டது. இப்படியொரு ஏற்றத்தை எந்தக் கடன் அலுவலரும் முன்கூட்டியே அறிந்திருக்க முடியாது. அதற்காக நான் எவரையும் குறை கூறவில்லை. ஆனால் வட்டி ஏறக்கூடியது, அதற்கு எங்கள் ஒப்பந்தத்தில் உச்ச வரம்பு இல்லை, இரட்டிப்பானால் தவணை இவ்வளவாகும் என்று சொல்லியிருக்க முடியும். அதைச் சொல்வது கடன் கொடுப்பவரின் கடமை.

வீட்டுக் கடனின் இயல்பை இங்கே கொஞ்சம் விளக்க வேண்டியிருக்கிறது. தவணை மாதாமாதம் ஒரே தொகையாக இருந்தாலும், ஆரம்ப வருடங்களில் அதன் பெரும்பகுதி வட்டிக்கே போகிறது. எங்கள் முதல் வருடத்தில் 3,23,904 ரூபா கட்டினோம். அதில் முதற்பணத்தில், அதாவது கடனாக வாங்கிய தொகையில், கழிந்தது ஏறத்தாழ 56,000 ரூபா மட்டுமே. இது முறைகேடு அல்ல, கணக்கு அப்படித்தான் ஓடும். 30 இலட்சத்தை 12 சதவீதத்தில் 20 வருடத்துக்கு எடுத்தால் தவணை 33,033 ரூபா, மொத்தமாகக் கட்டுவது 79 இலட்சத்து 28 ஆயிரம். ஐந்து வருடங்கள் ஒழுங்காகக் கட்டி, ஏறக்குறைய 19 இலட்சத்து 82 ஆயிரம் ரூபா செலுத்திய பிறகும் கடன் 27 இலட்சத்து 52 ஆயிரத்தில் நிற்கும். அதே கடனை 15 வருடத்தில் முடிப்பதாக எடுத்தால் தவணை 36,005 ரூபா; மாதம் மூவாயிரத்துக்கும் சற்றுக் குறைவாகக் கூட்டிக் கட்டுவதால் மொத்தத்தில் 14 இலட்சத்துக்கு மேல் மிச்சமாகிறது. இந்த இரண்டு வரிகளையும் ஒரு தாளில் அருகருகே எழுதிக் காட்ட எந்தக் கிளையிலும் ஐந்து நிமிடம் போதும். எங்களுக்கு அந்த ஐந்து நிமிடம் ஒதுக்கப்படவில்லை.

2022இன் நடுப்பகுதியில் எங்கள் வட்டி 25 சதவீதமாக மாற்றப்பட்டது. 29 இலட்சத்து 44 ஆயிரம் நிலுவைக்கு மாத வட்டி மட்டும் 61,330 ரூபா. தோட்டத்தில் நாட்சம்பளம் 1,000 ரூபாவாக இருந்த அந்தக் காலத்தில், ஒரு தொழிலாளியின் இரண்டு மாத முழுச் சம்பளமும் அதற்குப் போதாது. நாங்கள் கிளைக்குச் சென்று விளக்கம் கேட்டபோது, "யோசிக்காதீங்க சேர், உங்களுக்குச் சலுகை போட்டிருக்கு, மாசம் 35,000 கட்டினால் போதும்" என்றார்கள். நன்றியோடு திரும்பி வந்தோம். அந்தச் சலுகையின் பொருள், கட்டாமல் விடப்பட்ட 26,330 ரூபா வட்டி மாதந்தோறும் தனிக்கணக்கில் ஏறிக்கொண்டிருக்கும் என்பதாகும். அதை எவரும் சொல்லவில்லை. எங்களுக்குக் கிடைத்த பற்றுச்சீட்டுகளில் செலுத்திய தொகை இருந்தது. ஏறிக்கொண்டிருந்த தொகை இல்லை.

ஒரு வருடம் கழித்து, 2023இன் நடுப்பகுதியில் கிளையிலிருந்து அழைத்தார்கள். செலுத்தப்படாத வட்டி 3 இலட்சத்து 16 ஆயிரம் சேர்ந்துவிட்டதாகவும், அதை முதற்பணத்தோடு சேர்த்துப் புதிய ஒப்பந்தம் செய்யாவிட்டால் கடன் செயற்படாக் கடனாகிவிடும், அதாவது கட்டப்படாமல் நின்றுபோன கடனாகப் பதியப்படும் என்றும், பிறகு பராட்டே சட்டத்தில் வீட்டை ஏலம் போடவேண்டி வரும் என்றும் சொன்னார்கள். அம்மாவின் பணத்தில் வாங்கிய வீடு ஏலத்துக்குப் போகும் என்று கேட்டால் எவருக்கும் கை நடுங்கும். ஆனால் நீங்கள் அறிந்திருக்க வேண்டியது இது: நீதிமன்றம் செல்லாமல் பணிப்பாளர் சபைத் தீர்மானத்தின் மூலம் ஈட்டுச் சொத்தை விற்க வங்கிகளுக்கு அதிகாரம் கொடுப்பது 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம்; பராட்டே சட்டம் என்பது இதுவே. 2011இல் அதற்குச் செய்யப்பட்ட திருத்தத்தின்படி, கடனாகப் பெற்ற முதற்பணம் 50 இலட்சம் ரூபாவுக்குக் குறைவானால் அந்த வழியை வங்கி பயன்படுத்த முடியாது. அதற்குக் குறைந்த கடனுக்கும் வங்கி நீதிமன்றத்தில் வழக்கிடலாம். அங்கே நாங்கள் எங்கள் பக்கத்தைச் சொல்ல முடியும். எங்கள் கடனோ 30 இலட்சம். எங்களுக்குக் காட்டப்பட்ட பயம் எங்கள் கடனுக்குப் பொருந்தாத பயம். இந்தப் பதிவில் எனக்கு மிகுந்த கோபம் தரும் பகுதி இதுவே.

புதிய ஒப்பந்தத்தில் வட்டி 18 சதவீதம், ஐந்து வருடங்களுக்கு நிலையானது, "இனி ஏறினாலும் உங்களுக்கு ஏறாது" என்ற உறுதிமொழியோடு. மத்திய வங்கி அந்த ஜூன் மாதத்தில்தான் கொள்கை வட்டி வீதங்களை 2.5 சதவீதப் புள்ளிகள் குறைத்து, இறக்கத்தைத் தொடங்கியிருந்தது. செய்தித்தாள் வாசிப்பவருக்கே தெரிந்த இந்த விடயம் வங்கியில் இருப்பவர்களுக்குத் தெரியாமல் இருந்திருக்க முடியாது. வட்டி இறங்கத் தொடங்கும் வேளையில் வாடிக்கையாளரை உயர்ந்த வட்டியில் ஐந்து வருடம் கட்டிப்போடுவது அவரைப் பாதுகாப்பதாகாது. அந்த வருட முடிவிலேயே முதன்மைக் கடன்வழங்கல் வீதம் ஏறத்தாழ 12 சதவீதத்துக்கு வந்துவிட்டது.

அத்தோடு, தவணையைக் குறைப்பதாகச் சொல்லிக் கடன் காலத்தை எஞ்சியிருந்த 18 வருடங்களிலிருந்து 25 வருடங்களாக நீட்டினார்கள். அதே 18 சதவீதத்தில் பழைய காலத்துக்குள் முடிப்பதானால் தவணை 50,940 ரூபா. நீட்டிய பிறகு 49,465 ரூபா. மாதம் 1,475 ரூபா குறைந்ததற்கு விலையாக ஏழு வருடங்கள் கூடின, மொத்தக் கட்டணத்தில் 38 இலட்சம் கூடியது. வட்டி உயர்ந்திருக்கும்போது காலத்தை நீட்டுவதால் தவணை பெரிதாகக் குறையாது, ஏனெனில் தவணை ஏறத்தாழ முழுவதும் வட்டியாகவே இருக்கிறது. எங்கள் முதல் மாதத் தவணையில் முதற்பணத்துக்குப் போனது 568 ரூபா. 25 வருடம் என்பது என் ஓய்வு வயதையும் தாண்டும் என்று சொன்னபோது, "அது அப்போ பார்த்துக்கலாம் சேர்" என்று படிவத்தைத் திருப்பி வைத்தார்கள்.

2025இன் ஆரம்பத்தில், வங்கித் துறையில் வேலை செய்த ஓர் உறவினரின் யோசனைப்படி, கடனின் முழுக் கணக்குக் கூற்றை எழுத்தில் கேட்டுப் பெற்றோம். ஒன்றரை வருடத்தில் 8,90,370 ரூபா கட்டியிருந்தோம். முதற்பணம் குறைந்தது ஏறத்தாழ 11,600 ரூபா. என் மனைவி அந்தத் தாளை இரண்டு முறை கூட்டிப் பார்த்தார்.

கிளை முகாமையாளருக்கு எழுதிய கடிதத்துக்குப் பதில் இல்லை. பிறகு வங்கியின் முறைப்பாட்டுப் பிரிவுக்கும், அதன் பின்னர் மத்திய வங்கியின் நிதியியல் வாடிக்கையாளர் உறவுகள் திணைக்களத்துக்கும், எல்லாக் கடிதங்களின் பிரதிகளோடும் எழுதினோம். அதற்குப் பிறகே வங்கி எங்களைத் தேடி அழைத்தது. இப்போது வட்டி 12.5 சதவீதம், கடன் பழையபடி 2041இல் முடியும், தவணை 38,823 ரூபா. நாங்கள் இனிக் கட்டவேண்டியிருந்த 1 கோடியே 39 இலட்சம், 76 இலட்சத்து 87 ஆயிரமாகக் குறைந்திருக்கிறது. கேட்டபோது 62 இலட்சம் குறைக்க முடிந்த ஒன்றை, கேட்காதவரை அவர்கள் எடுத்துக்கொண்டிருப்பார்கள் என்பதை எண்ணிப் பாருங்கள். முதற்பணத்தில் சேர்க்கப்பட்ட 3 இலட்சத்து 16 ஆயிரம் மட்டும் இன்னும் அங்கேயே இருக்கிறது. அதற்கான முறைப்பாட்டை நாங்கள் கைவிடவில்லை.

புதிதாகக் கடன் பெறுபவர்கள், ஈட்டு முறியில் கையொப்பமிடுவதற்கு முன், முழுக் காலத்துக்குமான தவணை அட்டவணையையும், கட்டி முடிக்கும் மொத்த ரூபாவையும், வட்டி 5 சதவீதப் புள்ளிகளும் 10 சதவீதப் புள்ளிகளும் கூடினால் தவணை எவ்வளவாகும் என்பதையும் எழுத்தில் கேளுங்கள். நிலையான வட்டி எந்த மாதம் முடிகிறது, அதன்பின் எந்த வீதத்தோடு எவ்வளவு கூட்டப்படும், உச்ச வரம்பு உண்டா, முன்கூட்டியே அடைத்தால் கட்டணம் எவ்வளவு என்பவற்றை விட்டுவிடாதீர்கள். ஒப்பந்த நிபந்தனைகளைத் தமிழில் பெற வாடிக்கையாளருக்கு உரிமை உண்டு. ஆங்கிலத்தில்தான் தருவோம் என்றால் அந்தப் பதிலையே எழுத்தில் கேளுங்கள். நிதி நிறுவனங்களில் "ஃப்ளாட் ரேட்" என்று சொல்லப்படும் 12 சதவீதம் ஐந்து வருடக் கடனில், குறைந்துசெல்லும் நிலுவைக்கான கணக்கில் ஏறத்தாழ 20 சதவீதத்துக்குச் சமம். வங்கி வட்டியோடு அதை நேராக ஒப்பிட வேண்டாம். எங்கள் மலைச்சரிவுகளில் கட்டுபவர்கள் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் மண்சரிவு அறிக்கைக்கான செலவையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். வங்கி எடுத்துத்தரும் வீட்டுக் காப்புறுதி மண்சரிவை உள்ளடக்குகிறதா என்பதைப் பத்திரத்தில் காட்டச் சொல்லுங்கள்.

2022, 2023இல் சலுகை பெற்றவர்கள் முழுக் கணக்குக் கூற்றைக் கேட்டு, செலுத்தப்படாத வட்டி எங்கே சேர்க்கப்பட்டிருக்கிறது, இன்றைய வட்டி எவ்வளவு, கடன் எந்த வருடம் முடிகிறது என்ற மூன்றையும் பாருங்கள். வட்டி இன்னும் உயர்ந்தே இருந்தால் குறைக்கும்படி எழுத்தில் கேளுங்கள். உங்கள் பிரதியில் கிளையின் திகதி முத்திரையைப் பெற்றுக்கொள்ளுங்கள். வங்கி பதில் தராவிட்டால் மத்திய வங்கியின் அந்தத் திணைக்களத்தை 1935 என்ற இலக்கத்தில் அழைக்கலாம். எங்கள் கடிதங்களின் மாதிரி தேவைப்படுபவர்கள் கேட்டால், பெயர் விபரங்களை நீக்கி அனுப்பித் தருகிறேன்.