சீரியல் கூட்டத்தில் நிற்கக் காசு கேட்கிறார்களா? கட்டாதீர்கள்

பந்தியில் உட்காரும் கல்யாண விருந்தாளி, ஸ்ட்ரெச்சர் தள்ளும் வார்டு பாய், பஞ்சாயத்தில் தலையாட்டும் ஊர்க்காரர். இவர்களுக்கெல்லாம் ஆடிஷன் கிடையாது. புரொடக்‌ஷன் மேனேஜர், துணை நடிகர்களை அனுப்பும் ஏஜென்டுக்குப் போன் போட்டு, “நாளைக்கு இருபது பேர், பத்து லேடீஸ், பட்டுப்புடவை” என்பார். சென்னையில் சாலிகிராமம், வளசரவாக்கம் பக்கத்து ஷூட்டிங் வீட்டுக்கு ஏஜென்ட் ஆள் அனுப்புவார். சம்பளம் கம்பெனியிலிருந்து அவருக்கு வரும். கமிஷன் போக மீதி உங்களுக்கு. காசு உங்களிடமிருந்து அந்தப் பக்கம் போக வேலையே இல்லை.

வாட்ஸ்அப் மோசடி இதைத் தலைகீழாக்குகிறது. சேனல் லோகோ போட்ட போஸ்டர்: “புதுமுகங்கள் தேவை, அனுபவம் வேண்டாம்.” போட்டோ அனுப்பிய சூட்டிலேயே “செலக்ட் ஆகிட்டீங்க”. பதிவுக் கட்டணமாகச் சின்னத் தொகை கேட்பார்கள். கட்டினால் ஆர்ட்டிஸ்ட் கார்டு, பிறகு போர்ட்ஃபோலியோ என்ற போட்டோ ஆல்பம், அப்புறம் காஸ்ட்யூம் டெபாசிட். இதுவரை கட்டியது வீணாகிவிடுமே என்ற பயத்திலேயே அடுத்ததையும் கட்டுவோம். ஷூட்டிங் தேதி மட்டும் தள்ளிக்கொண்டே போகும். கடைசியில் நம்பர் ஸ்விட்ச் ஆஃப்.

கூட்டத்தில் நிற்பவரின் ஆல்பத்தை யாரும் புரட்டிப் பார்ப்பதில்லை. பகல் வெளிச்சத்தில் செல்போனில் எடுத்த மூன்று படம் போதும்: நேர், பக்கவாட்டு, முழு உருவம். துணை நடிகர் சங்க அட்டை வேண்டுமென்றால் சங்க அலுவலகத்துக்கே போய், ரசீது வாங்கிக்கொண்டு கட்டுங்கள்.

“சம்பளம் அனுப்புறோம், க்யூஆர் கோடை ஸ்கேன் பண்ணி பின் நம்பர் போடுங்க” என்பது இன்னொரு வலை. யுபிஐயில் பணம் வாங்க பின் நம்பர் தேவையே இல்லை. போட்டால் போவது உங்கள் பணம்.

நிஜமான செட்டிலும் ஏமாற்று உண்டு. மண்டபக் காட்சி ஒரே நாளில் முடியாவிட்டால், கன்டினியூட்டிக்காக, அதாவது காட்சி மாறாமல் தொடர்வதற்காக, அதே ஆள் அதே புடவையில் மறுநாளும் வர வேண்டும். “ரெண்டு நாளுக்கும் சேர்த்து வாங்கிக்கலாம்மா” என்பார் ஏஜென்ட். பிறகு “கம்பெனி இன்னும் தரல” என்று மாதக்கணக்கில் இழுப்பார். முதல் நாள் பணத்தை இரண்டாம் நாள் மேக்கப்புக்கு முன்பே கேளுங்கள். உங்கள் முகம் ஃபிரேமில் பதிந்திருந்தால் வேறு ஆளை நிறுத்த முடியாது. துணை நடிகரின் கை ஓங்குவது அந்த ஒரு காலை நேரத்தில்தான். சொந்த நகையைப் போட்டுக்கொண்டு போகவே வேண்டாம். கவரிங் போதும், கேமராவுக்கு வித்தியாசம் தெரியாது.

குழந்தைகளை நடிக்க வைக்க, மாவட்ட நிர்வாகத்தின் அனுமதியைத் தயாரிப்பாளர் வாங்கியிருக்க வேண்டும். ஒரு நாளைக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஓய்வில்லாமல் தொடர்ந்து மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. சம்பளத்தில் குறைந்தது 20 சதவீதம் குழந்தையின் பெயரில் வங்கி வைப்புநிதியாகப் போக வேண்டும். அனுமதிக் கடிதத்தைக் காட்டச் சொன்னாலே போலி ஆள் நழுவிவிடுவான்.

பணம் போய்விட்டால் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்கு அழையுங்கள். அது அடுத்த கணக்குக்கு மாறுவதற்குள் சொன்னால்தான் நிறுத்திவைக்க வாய்ப்பு. யுபிஐ பரிவர்த்தனையின் 12 இலக்க எண்ணைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். அவமானமாக இருக்கிறதென்று வாட்ஸ்அப் உரையாடலை மட்டும் அழித்துவிடாதீர்கள். புகாருக்கு அதுதான் சாட்சி.