வரப்பு வழி நடை: சாபாவா, பதாட்டா?

மலைச்சரிவில் படிப்படியாக அமைந்த நெல்வயல்களின் வழியே நடக்க இரண்டு இடங்கள்: வியட்நாமின் சாபா, பிலிப்பைன்ஸின் பதாட். சாபாவுக்குப் போவது சுலபம். ஹனோயிலிருந்து பஸ்ஸில் ஐந்தாறு மணி நேரம். முவாங் ஹுவா பள்ளத்தாக்கில் லாவ் சாய், தா வான் என்று ஊர் ஊராக நடக்கலாம். வழிகாட்டி பெரும்பாலும் உள்ளூர் மொங் இனப் பெண். இரவு ஹோம்ஸ்டே. ஆனால் சாபா நகரம் இப்போது ஓட்டல்களால் நிரம்பிவிட்டது. கைவினைப் பொருள் விற்பவர்களும் கூடவே நடந்து வருவார்கள்.

பிலிப்பைன்ஸின் இஃபுகாவோ மலை வேறு ரகம். மணிலாவிலிருந்து பனாவேவுக்கு இரவு முழுக்க பஸ், அப்புறம் ஜீப்னி (அந்நாட்டு மினி பஸ்), கடைசியில் பதாட் கிராமத்துக்கு நடை. பதாட்டில் வயல்கள் அரைவட்ட அரங்கம்போல் ஊரைச் சூழ்ந்து ஏறுகின்றன. வரப்பு என்பது கல் அடுக்கிய சுவர். அதன்மேல்தான் நடக்க வேண்டும். ஒரு பக்கம் சேறு, மறுபக்கம் ஆள் உயரத்துக்கும் மேலான பள்ளம். தலைசுற்றல் உள்ளவர்கள் யோசிக்கவும். மலை உச்சிக் காட்டை மக்கள் காப்பதால்தான் வயலுக்குத் தண்ணீர் இறங்குகிறது. 1995-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்த ஐந்து வயல் தொகுதிகளில் பதாட்டும் ஒன்று. (எல்லோரும் படம் எடுக்கும் பனாவே காட்சிமுனை வயல்கள் அதில் இல்லை!)

சாபாவில் கதிர் பழுப்பது செப்டம்பர் வாக்கில், இஃபுகாவோவில் ஜூன், ஜூலை. குழந்தைகளோடு என்றால் சாபா. முழங்காலில் தெம்பிருந்தால் பதாட்டையே சொல்வேன். வழுக்காத ஷூ இரண்டுக்கும் கட்டாயம்.