உம்மாவுக்கு வாங்கிய குர்ஆன் பேனா

நோன்புக்கு முன்னால், கின்னியாவில் இருக்கும் உம்மாவுக்குத் திருகோணமலை டவுனில் ஒரு கடையில் குர்ஆன் பேனா வாங்கினேன், 8,500 ரூபாய். மூன்று மாதம் பாவித்தாயிற்று, இப்போது எழுதலாம்.

நுனியை ஆயத்தின் (குர்ஆன் வசனத்தின்) மேல் வைத்தால் அதை ஓதும். ஆனால் கூட வரும் குர்ஆனில் மட்டும்தான், ஏனென்றால் அதன் தாளில் அச்சடித்திருக்கும் பொடிப் புள்ளிகளைத்தான் பேனா படிக்கிறது. கடையில் இதைச் சொல்லவில்லை. உம்மா தன் பழைய குர்ஆனில் வைத்து அழுத்தோ அழுத்தென்று அழுத்திவிட்டு "மகன், இது ஊமைப் பேனா" என்று எனக்குப் போன் எடுத்தார்.

சத்தம் நல்ல தெளிவு. குர்ஆன் ஓதுவதில் பேர்போன ஹுஸரி, அப்துல் பாசித், சுதைஸ் எல்லாரும் இருக்கிறார்கள். வயதானவர்களுக்கு ஹுஸரியைப் போட்டுக் கொடுங்கள், நிதானமாக ஓதுவார், கூடவே சொல்லலாம். அப்துல் பாசித்தின் மூச்சுக்கு நம் நெஞ்சு காணாது.

எழுத்துதான் பிரச்சினை. உம்மா ஓதிப் பழகியது தடித்த இந்திய அச்சு. இது 604 பக்க மதீனா அச்சு, எழுத்தும் மெலிசு, நீட்டி ஓதும் வாவ், யா எழுத்துகளின் மேல் அவர் தேடும் சுகூன் குறியும் இல்லை. முதல் கிழமை முழுக்கத் தடுமாற்றம்.

அப்புறம் இன்னொன்று. பர்ழுத் (கட்டாயத்) தொழுகைகளில் மட்டும் ஒரு நாளைக்கு 17 ரக்அத் (தொழுகைச் சுற்று), ஒவ்வொன்றிலும் குர்ஆனின் முதல் அத்தியாயமான பாத்திஹா ஓத வேண்டும், ஆக 17 பாத்திஹா. அதன் கடைசிச் சொல்லில் வரும் ழாத் என்ற அரபு எழுத்தை உம்மா அறுபது வருடமாக நம் தமிழ் 'ழ' மாதிரியே சொல்லி வருகிறார் (நாங்கள் ரமழான் என்று எழுதுவதும் அந்தக் கணக்குத்தானே). ஹுஸரியோ நாக்கின் ஓரத்தை மேல் கடைவாய்ப் பல்லில் அழுத்திக் கனமாகச் சொல்கிறார். உம்மா இருபது தடவை கேட்டார், இருபது தடவையும் 'ழ' என்றே சொன்னார், பேனாவும் பேசாமல் இருந்தது. அது ஓதிக் காட்டும், நாம் ஓதுவதைக் கேட்காது. சின்ன வயதில் ஓதப்பள்ளியில் லெப்பை (ஓதக் கொடுப்பவர்) பிரம்போடு உட்கார்ந்து காது கொடுத்ததோடு சரி, அதன் பிறகு வீட்டுக்குள் தனியாகத் தொழுகிறவரை யார் திருத்துவது?

இப்போது மஃரிப் (அந்தி) தொழுகைக்குப் பிறகு மத்ரஸாவுக்குப் போகும் என் மகள் பக்கத்தில் இருந்து "உம்மம்மா, இன்னும் வரல்ல" என்கிறாள். உம்மாவுக்குக் கோபம் வருகிறது, ஆனாலும் திரும்பச் சொல்கிறார்.

சார்ஜர் வயர் ஒரு மாதத்தில் போய்விட்டது, கடையில் மாற்றித் தரவில்லை. பெரிய எழுத்துப் பதிப்பு இருக்கிறதா என்று கேட்டு வாங்குங்கள், நான் கேட்கவில்லை.