தொட்டுப் பார்ப்பதா, தெர்மாமீட்டர் வைப்பதா?

பச்சிளங்குழந்தையின் சூட்டைக் கையால் அறிவது நம் வீட்டுப் பெரியவர்களின் வழக்கம். அதை ஒதுக்க வேண்டியதில்லை. நெற்றியை விட்டு வயிற்றையும் பாதத்தையும் தொடுங்கள். இரண்டும் வெதுவெதுப்பாக இருந்தால் நல்லது. வயிறு வெதுவெதுப்பாகவும் பாதம் சில்லென்றும் இருந்தால் குழந்தைக்குக் குளிர்கிறது. தாயின் மார்போடு தோல்பட அணைத்துப் போர்த்துங்கள்.

ஆனால் காய்ச்சலைக் கணிக்கக் கையை நம்பாதீர்கள். டிஜிட்டல் தெர்மாமீட்டர்தான் என் தேர்வு. நுனியை அக்குளின் நடுவில் வைத்து, குழந்தையின் கையை உடம்போடு சேர்த்துப் பிடித்து, ஒலி வரும்வரை பொறுங்கள். 36.5 முதல் 37.5 டிகிரி செல்சியஸ் வரை இயல்பு. துணி அதிகம் சுற்றினாலும் சற்று ஏறும். தளர்த்திவிட்டு மறுபடி பாருங்கள். 38ஐத் தொட்டாலோ, கதகதப்பாக வைத்தும் 36.5க்குக் கீழேயே நின்றாலோ கைவைத்தியம் வேண்டாம், உடனே மருத்துவமனை. பால் குடிக்காமல் துவண்டிருந்தால், எண் எதுவானாலும் நள்ளிரவானாலும் கிளம்பிவிடுங்கள்.