மேல்முறையீட்டில் புதுச் சாட்சி: 348-ஆ, 432-ஆ, மறுவிசாரணையா?

கீழ்க்கோர்ட் தண்டனை கொடுத்து, மேல்முறையீடு (அப்பீல்) செஷன்ஸ் கோர்ட்டுக்குப் போன பிறகுதான், "விசாரிக்காத ஒரு ஆள் இருக்கிறார்" என்ற பேச்சு வரும். தாராவி வழக்குகளில் அந்த ஆள் வேலையை விட்டுவிட்டு திருநெல்வேலிப் பக்கம் போயிருப்பார். அவரைக் கூண்டில் ஏற்ற மூன்று வழி உண்டு. ஆனால் ஒவ்வொரு கட்டத்திலும் வாசல் குறுகிக்கொண்டே போகிறது.

தீர்ப்பு இன்னும் வரவில்லையா? பி.என்.எஸ்.எஸ். (2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 348-இன் கீழ் (பழைய சட்டமான சி.ஆர்.பி.சி.யில் 311) இன்றே மனுப் போடுங்கள். வாதம் முடிந்திருந்தாலும் பரவாயில்லை. நியாயமான முடிவுக்கு அந்தச் சாட்சி அவசியம் என்று பட்டால் கோர்ட் அவரை அழைத்தே ஆகவேண்டும். மூன்றில் எளிய வழி இதுதான். மேல்கோர்ட்டில் பார்த்துக்கொள்ளலாம் என்று இதைக் கைநழுவ விடுவது பெரிய ஆபத்து.

தீர்ப்பு வந்துவிட்டால் பிரிவு 432, பழைய 391. 2024 ஜூலை 1-க்கு முன்பே நிலுவையில் இருந்த மேல்முறையீடு என்றால் 391 என்றே எழுதவேண்டும். இங்கே அவசியம் என்பதை மேல்கோர்ட் காரணம் எழுதிப் பதிவு செய்யவேண்டும். சாட்சியத்தைத் தானே எடுக்கலாம், கீழ்க்கோர்ட்டை எடுக்கச் சொல்லவும் செய்யலாம். கீழ்க்கோர்ட் எடுத்தால் அதைச் சான்றளித்து மேலே அனுப்பும். அப்பீல் மேலேயே நிற்கும், பழைய சாட்சியம் எதுவும் அழியாது. குற்றம் சாட்டப்பட்டவரோ அவர் வக்கீலோ உடனிருக்க உரிமை உண்டு. குறுக்கு விசாரணையும் உண்டு.

மனுக்கள் தோற்பது ஒரே கேள்வியில்: விசாரணையின்போது ஏன் கூப்பிடவில்லை? 2024 ஜனவரியில் ஒரு காசோலை வழக்கில், கையெழுத்தைக் கையெழுத்து நிபுணர் ஒப்பிட வேண்டும் என்று அப்பீல் கட்டத்தில் கேட்டதை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. விசாரணையிலேயே அதற்கு வழி இருந்தும் பயன்படுத்தவில்லை என்பதுதான் காரணம். "முன்பிருந்த வக்கீல் கூப்பிடவில்லை" என்ற ஒற்றை வரியும் பொதுவாக நிற்காது. நிற்கக்கூடியது இப்படி இருக்கும்: இந்தத் தேதியில் சம்மன் போனது, "ஆள் ஊரில் இல்லை" என்று போலீஸ் திருப்பி அனுப்பியது, அந்த அறிக்கை கீழ்க்கோர்ட் வழக்குக் கோப்பில் இந்தப் பக்கத்தில் இருக்கிறது, இப்போதைய முகவரி இது, அவர் சொல்லப்போவது இது, தீர்ப்பின் இந்தப் பத்தியை அது மாற்றும். இவ்வளவையும் அபிடவிட்டோடு (சத்தியம் செய்து எழுதித் தரும் பிரமாணப் பத்திரம்) வைக்கவேண்டும். சாட்சியின் அபிடவிட்டையும் இணைக்கலாம், ஆனால் அதுவே சாட்சியம் ஆகிவிடாது.

அப்பீலோடு சேர்த்தே போடுவது நல்லது. செஷன்ஸுக்கு 30 நாள், ஹைகோர்ட்டுக்கு 60 நாள் கெடு. இறுதி வாதத்தன்று நீட்டினால் இழுத்தடிக்கிறார்கள் என்றுதான் படும். பிறழ்சாட்சி (முன்பு சொன்னதைக் கோர்ட்டில் மாற்றிப் பேசியவர்) தீர்ப்புக்குப் பின் மனம் மாறி எழுதித் தந்த அபிடவிட் இன்னும் கடினம். யார் வற்புறுத்தினார்கள் என்ற சந்தேகம் உடனே எழும்.

மறுவிசாரணை (427, பழைய 386) கடைசி ஆயுதம். எல்லாச் சாட்சியும் மறுபடி வரவேண்டும். இறந்தவர், மறந்தவர், ஒதுங்கியவர் எல்லாருமே நஷ்டக் கணக்கு. 1963-இல் உகா கோல்ஹே வழக்கில், மகாராஷ்டிர செஷன்ஸ் கோர்ட் போட்ட மறுவிசாரணை உத்தரவை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. கூடுதல் சாட்சியம் தேவை என்றால் அதற்கான பிரிவு இருக்கிறதே என்பது அதன் நிலை. மறுபக்கம், 2002 குஜராத் கலவரக் கொலைகள் பற்றிய பெஸ்ட் பேக்கரி வழக்கில், 2004-இல், விசாரணையே பொய்த்துப்போனதால் குஜராத்துக்கு வெளியே மறுவிசாரணைக்கு உத்தரவிட்டது. அது மும்பையில் நடந்து, 2006-இல் 9 பேர் தண்டனை பெற்றனர். அந்த அளவு சீர்கேடு இல்லாமல் ஒரே சாட்சிக்காக மறுவிசாரணை கேட்பது வீண்.

ஆகவே ஒரு சாட்சி, ஒரு விஷயம் என்று குறுக்கி 432-இல் கேளுங்கள். அவர் தமிழில்தான் பேசுவார் என்றால் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்பதையும் அதே மனுவில் எழுதுங்கள். கூண்டில் ஏறிய பிறகு கேட்டால் அன்றைய வாய்தா போய்விடும், அவர் மறுபடி ரயிலேறி வரவேண்டும்.