ஃபேன்டஸி ஓவியம் என்று சொல்லி ஏமாற்றுகிறார்கள்: முன்பணம் கொடுக்கும் முன் படியுங்கள்

மாயாஜாலக் கதை எழுதுகிறவர்கள் அட்டைப்படத்துக்கு ஆள் தேடினால், "முழுக்கக் கையால் வரைந்த ஓவியம்" என்று விளம்பரம் போடும் இன்ஸ்டாகிராம் பக்கங்கள் வரிசையாக வந்து நிற்கும். அதில் ஒன்றிடம் என் பணம் போயிற்று. புகார் கொடுத்திருப்பதால் பெயர் போடவில்லை.

என் தொடர்கதையில் ஆவிக்கழி என்று ஒரு சதுப்பு வருகிறது. இரவில் நீல வெளிச்சம் அலையும், பின்னால் போனவன் திரும்ப மாட்டான். உலகம் கற்பனைதான், சரக்கு நம் ஊருடையது. கொள்ளிவாய்ப் பிசாசு என்று பாட்டிமார் பயமுறுத்துவார்களே, அதுதான் அந்த வெளிச்சம். சதுப்பில் இலைதழை மக்கி மீத்தேன் என்ற எரியும் வாயு கிளம்பும், அந்த வெளிச்சத்துக்கு அதைத்தான் காரணமாகச் சொல்வார்கள். 1776-இல் இத்தாலிய விஞ்ஞானி வோல்டா, அங்குள்ள மஜோரே ஏரிக்கரைச் சேற்றைக் கிளறிப் பிடித்த வாயு இதுவே. மரங்களைப் பிச்சாவரத்திலிருந்து எடுத்துக்கொண்டேன். தில்லை மரத்தின் பால் கண்ணில் பட்டால் பார்வையைக் கெடுத்துவிடும். ஆவிக்கழிக்குக் காவல் அந்த மரம்தான். சுரபுன்னைக்குத் தண்ணீருக்குள் வளைந்து இறங்கும் முட்டுவேர், அலையாத்திக்குச் சேற்றிலிருந்து பென்சில் மாதிரி மேலே நீட்டிக்கொண்டிருக்கும் மூச்சுவேர். இதையெல்லாம் எழுதி, போட்டோக்களோடு அனுப்பினேன்.

பேசியது 12,000 ரூபாய், பாதி முன்பணம். "கான்செப்ட் செம சார், நானே உக்காந்து வரையறேன்" என்றார் அந்தப் பக்கத்துக்காரர்.

வந்த படத்தை போனில் பார்த்தபோது அசந்துதான் போனேன். நீலப் பனி, நிலா, ஓடம், எல்லாம் இருந்தது. கம்ப்யூட்டரில் பெரிதாக்கியதும் சாயம் வெளுத்தது. முட்டுவேர் ஒன்று தண்ணீரிலிருந்து கிளம்பி வளைந்து, எந்த மரத்தையும் தொடாமல் மறுபடி தண்ணீருக்கே போகிறது. கொக்குக்கு மூன்று கால். மூன்றாவது, பாதியில் நாணலாக மாறிவிடுகிறது. ஓடக்காரன் பிடித்திருக்கும் கழி, கைக்கு மேலே ஓரிடத்திலும் கைக்குக் கீழே வேறிடத்திலும் இருக்கிறது. வானத்தில் ஏழு நீலச் சுடர், தண்ணீரில் தெரிவது நான்கு. மூச்சுவேர் கேட்ட இடத்தில் தாமரை பூத்திருந்தது, அதுவும் உப்புத் தண்ணீரில்!

சரி, கொக்கை மட்டும் திருத்துங்கள் என்றேன். அரை மணி நேரத்தில் புதுப் படம் வந்தது. கொக்குக்கு இரண்டு கால்தான். ஆனால் இடப்பக்கம் இருந்த ஓடம் வலப்பக்கம் போயிருந்தது, நிலா பெருத்திருந்தது, தில்லை மரத்தைக் காணோம். கையால் வரைகிறவர் ஒரு காலை அழிப்பதற்காகக் காட்டையே மாற்றி நடுவாரா? ஏஐ செயலியில் வாக்கியத்தைத் திரும்பத் தட்டினால்தான் இப்படி வரும்.

ஏஐ படமே கூடாது என்று நான் சொல்லவில்லை. சொல்லிவிட்டு 500 ரூபாய்க்கு விற்றால் வேண்டியவர்கள் வாங்கிக்கொள்ளட்டும். கைவேலை என்று சொல்லிக் கைவேலைக் கூலி வாங்குவது பித்தலாட்டம்.

லேயர் கோப்பு, அதாவது படத்தின் ஒவ்வொரு பகுதியும் தனித்தனி அடுக்காக இருக்கும் மூலக்கோப்பு, கேட்டேன். "ஹார்ட் டிஸ்க் போயிடுச்சு சார்." ப்ரொக்ரியேட் என்ற ஐபேட் ஓவியச் செயலியில் வரைந்திருந்தால் வரைந்த விதம் வீடியோவாகவே பதிவாகியிருக்குமே என்றேன். அதற்குப் பதில் இல்லை. அச்சுக்குத் தரமான படம் வேண்டுமானால் தனியாக 2,000 ரூபாய் என்று மட்டும் செய்தி வந்தது. அப்புறம் என்னை பிளாக் செய்துவிட்டார்.

அவர் பக்கத்தில் இருந்த மாதிரிப் படங்களை, படத்தை வைத்தே இணையத்தில் தேடும் கூகுள் லென்ஸில் போட்டுப் பார்த்தேன். என்னை மயக்கிய அந்தக் காட்டுக்கோயில் படம், வெளிநாட்டு ஓவியர் ஒருவர் பல வருடம் முன்பே தன் தளத்தில் போட்டது. மூலையில் இருந்த கையெழுத்தை வெட்டிவிட்டு இவர் பெயரைப் பொறித்திருக்கிறார். பாவம், அந்த மனிதருக்கு இது தெரியவே தெரியாது. நான்தான் மின்னஞ்சல் அனுப்பிச் சொன்னேன்.

யாரிடம் கொடுத்தாலும் முதலில் பென்சில் கோட்டுப்படம் கேளுங்கள். அது கைக்கு வந்து, பிடித்த பிறகு பணம் அனுப்புங்கள். இடையில் ஒரு சின்ன மாற்றம் சொல்லிப் பாருங்கள், மற்றதெல்லாம் இருந்த இடத்திலேயே இருக்கிறதா என்று தெரிந்துவிடும். லேயர் கோப்பு தருவதாகவும், படத்தின் உரிமை யாருக்கு என்றும் எழுதி வாங்குங்கள். 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி உரிமையை மாற்றித் தருவது எழுத்தில், கையெழுத்தோடு இருந்தால்தான் செல்லும். வாட்ஸ்அப்பில் கட்டைவிரல் காட்டியதை நம்ப வேண்டாம்.

பணம் போய்விட்டால் உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு அழையுங்கள், சைபர் குற்றத் தளத்திலும் புகார் பதியலாம். பரிவர்த்தனை எண்ணையும் உரையாடலின் ஸ்கிரீன்ஷாட்டையும் கேட்பார்கள். அவர் பக்கத்தின் பெயரை மாற்றுமுன் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். என் ஆள் பெயரை மாற்றிவிட்டார். இப்போது மாதிரிப் படங்களில் ஆவிக்கழியும் இருக்கிறது, மூன்று கால் கொக்கோடு. இந்தப் படத்தைப் பார்த்து யாராவது முன்பணம் கொடுத்திருந்தால் எனக்குத் தகவல் அனுப்புங்கள், உங்கள் புகாரில் என் புகார் எண்ணையும் குறிப்பிடலாம்.